மார்க் கேட்டால் கதவு மூடும், தேதி கேட்டால் திறக்கும்!

லாஸ்பேட்டையில் ஒரு பி.காம் இறுதியாண்டு மாணவி இருக்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். ஜூன் மாதம் ரிசல்ட் வந்தது. எல்லாப் பேப்பரிலும் பாஸ், காஸ்ட் அக்கவுன்டிங்கில் மட்டும் மூன்று மார்க்கில் போய்விட்டது. அழுது முடித்த மறுநாளே மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டினாள். ஆறு வாரத்தில் முடிவு வரும் என்று அறிவிப்பில் இருந்தது.

இப்போது செப்டம்பர். அப்பா மளிகைக் கடையை மூடிவிட்டு மகளோடு மூன்றாவது முறையாகத் தேர்வுப் பிரிவின் ஜன்னல் முன்னால் நிற்கிறார்.

"இன்னும் வரலைங்க. அடுத்த வாரம் பாருங்க."

"போன தடவையும் அடுத்த வாரம்னுதானே சார் சொன்னீங்க? எம்.காம் அட்மிஷன் 20-ம் தேதியோட முடியுது. புரொவிஷனல் சர்ட்டிபிகேட் இல்லாம சேர்க்க மாட்டோம்ங்கிறாங்க."

"நான் என்னங்க பண்ணட்டும்? பேப்பர் வெளியூர்ல திருத்தப் போயிருக்கு."

வருடம் தவறாமல் ஏதாவது ஓர் ஊரில், ஏதாவது ஒரு பல்கலைக்கழகத்தில் நடக்கும் காட்சிதான் இது. அப்பாவுக்கும் மகளுக்கும் அப்போது வருகிற முதல் யோசனை, "கோர்ட்டுக்குப் போய் அந்த மூன்று மார்க்கை வாங்கிவிடலாமா?" என்பது. அங்கேதான் பலரும் சறுக்குகிறார்கள்.

நீதிமன்றம் பேப்பர் திருத்தாது

மார்க் விஷயத்தில் உச்ச நீதிமன்றத்தின் நிலை பல ஆண்டுகளாக மாறவில்லை. மகாராஷ்டிரத் தேர்வு வாரியம் சம்பந்தப்பட்ட வழக்கில் 1984-ல் அது சொன்னது இதுதான்: விதியில் மறுமதிப்பீடு இல்லையென்றால் அதை உரிமையாகக் கேட்க முடியாது. உத்தரப் பிரதேச ஆசிரியர் தேர்வு வழக்கில் 2017 டிசம்பரில் இதையே இன்னும் கறாராகச் சொன்னது. விதி அனுமதித்தால் மறுமதிப்பீடு செய்யலாம். விதி மௌனமாக இருந்தால், அலசி ஆராயாமலேயே கண்ணில் படுகிற அளவுக்குப் பெரிய தவறு இருக்கும் அரிதான நேரத்தில் மட்டும் நீதிமன்றம் தலையிடலாம். விடைத்தாளை நீதிபதியே திருத்தக் கூடாது. அது அவருக்குத் தெரிந்த வேலையும் இல்லை.

ஆனால் லாஸ்பேட்டை மாணவியின் நிலை வேறு. அவளுடைய பல்கலைக்கழக விதியில் மறுமதிப்பீடு இருக்கிறது. அதற்குக் கட்டணம் வாங்கியிருக்கிறார்கள். காலக்கெடுவையும் அவர்களே அறிவித்திருக்கிறார்கள். அவள் கேட்க வேண்டியது, "நீங்கள் சொன்ன தேதி தாண்டிவிட்டது, முடிவைச் சொல்லுங்கள்" என்பது மட்டும்தான். மூன்று மார்க் என்ற பேச்சே அதில் வர வேண்டியதில்லை. மார்க் என்பது தேர்வாளரின் தீர்மானம். ஆனால் முடிவை உரிய காலத்தில் வெளியிடுவது நிர்வாகத்தின் கடமை. கடமையைச் செய்யாத நிர்வாகத்தை 'செய்' என்று சொல்வதற்கென்றே ஒரு நீதிப்பேராணை இருக்கிறது. சட்டத்தில் அதற்குப் பெயர் 'மாண்டமஸ்', தமிழில் செயலுறுத்தும் நீதிப்பேராணை.

மனுவில் இந்த ஒரு வித்தியாசம் சரியாக இருந்துவிட்டால் பாதி வேலை முடிந்த மாதிரி.

முதலில் யார் யாருக்குக் கீழே?

புதுச்சேரியில் இது கொஞ்சம் குழப்பம் தரும் விஷயம். நகரத்திலிருந்து காலாப்பட்டுக்கு பஸ் ஏறியவர்களுக்குத் தெரியும். கோட்டக்குப்பம் வந்ததும் தமிழ்நாடு. கொஞ்ச தூரம் போனால் மறுபடியும் புதுச்சேரி. பிரெஞ்சுக்காரர்கள் விட்டுப்போன எல்லைக்கோடு அப்படி. இங்கே புகார் போகிற பாதையும் கிட்டத்தட்ட அதே மாதிரிதான்.

காலாப்பட்டில் இருக்கும் புதுச்சேரிப் பல்கலைக்கழகம் 1985-ல் நாடாளுமன்றச் சட்டத்தால் உருவான மத்தியப் பல்கலைக்கழகம். ஊரில் இருக்கும் பெரும்பாலான கலை, அறிவியல் கல்லூரிகள் அதன் இணைவுக் கல்லூரிகள்தான். பிள்ளைச்சாவடியில் உள்ள பழைய பொறியியல் கல்லூரியோ இப்போது புதுச்சேரி தொழில்நுட்பப் பல்கலைக்கழகம். அது யூனியன் பிரதேச அரசின் சட்டப்படி அமைந்தது. இவை போக, தனியார் நிகர்நிலைப் பல்கலைக்கழகங்களின் வளாகங்களும் உண்டு. ஹால் டிக்கெட்டின் தலைப்பில் எந்தப் பல்கலைக்கழகத்தின் பெயர் அச்சாகியிருக்கிறதோ, கடிதம் அதன் தேர்வுக் கட்டுப்பாட்டு அதிகாரிக்குத்தான் போக வேண்டும். கல்லூரி முதல்வருக்கு நகல் போதும்.

உயர் நீதிமன்றம் என்று வந்துவிட்டால் எல்லோருக்கும் சென்னைதான். பிரெஞ்சு ஆட்சியில் புதுச்சேரிக்குத் தனியாக மேல்முறையீட்டு நீதிமன்றம் இருந்தது. 1962 நவம்பர் 6 முதல் சென்னை உயர் நீதிமன்றத்தின் அதிகாரம் இங்கே விரிவுபடுத்தப்பட்டது. கேரளக் கரையில் இருக்கும் மாஹே மாணவரும் ஆந்திரக் கரையில் இருக்கும் ஏனாம் மாணவரும்கூட ரிட் மனு போட சென்னையைத்தான் பார்க்க வேண்டும்.

அந்த முதல் கடிதம்

ஜன்னலில் வாய்வார்த்தையாகக் கேட்ட எதற்கும் சாட்சி கிடையாது. பத்து முறை அலைந்திருந்தாலும் காகிதத்தில் அது பூஜ்யம்தான். அதனால் முதல் வேலை, தேர்வுக் கட்டுப்பாட்டு அதிகாரிக்கு ஒரு பக்கக் கடிதம். பதிவு எண், பேப்பரின் பெயரும் குறியீடும், பணம் கட்டிய தேதி, ரசீது எண், அறிவிப்பில் சொல்லப்பட்ட காலக்கெடு, அட்மிஷன் முடியும் தேதி. இவ்வளவு போதும். குடும்பக் கஷ்டத்தை மூன்று பக்கம் எழுதினால், முக்கியமான தேதி அதில் அமுங்கிப்போய்விடும்.

கடைசியில் இரண்டு கோரிக்கை. ஒன்று, இத்தனை நாளுக்குள் முடிவை வெளியிட வேண்டும். ஏழு நாள் என்றோ பத்து நாள் என்றோ, நிலைமைக்கு ஏற்றபடி குறிப்பிடலாம். இரண்டாவதைப் பெரும்பாலோர் மறந்துவிடுகிறார்கள்: 'என் விடைத்தாளை அழிக்காமல் பாதுகாத்து வைக்கவும்' என்ற ஒரு வரி. ஒவ்வொரு பல்கலைக்கழகமும் விடைத்தாள்களைக் குறிப்பிட்ட காலம் வரைதான் வைத்திருக்கும், அதற்குப் பிறகு அழித்துவிடும். மறுமதிப்பீடு இழுத்துக்கொண்டே போய், விடைத்தாளே இல்லாமல் போய்விட்டால் எந்த நீதிமன்றத்தாலும் அதைத் திரும்ப உண்டாக்க முடியாது.

கடிதத்தை நேரில் கொடுத்தால் நகலில் சீலும் தேதியும் வாங்கிக்கொள்ள வேண்டும். தர மறுத்தால் ஸ்பீட் போஸ்ட். கூடவே மின்னஞ்சலும் அனுப்பலாம். ஸ்பீட் போஸ்ட் ரசீதின் எழுத்து சில மாதங்களில் மங்கிவிடும். அன்றைக்கே செல்போனில் ஒரு படம் எடுத்து வைப்பது நல்லது.

10 ரூபாய் ஆயுதம்

கடிதம் போன அன்றே தகவல் அறியும் உரிமைச் சட்ட மனுவையும் போட்டுவிடலாம். ஒன்றுக்காக மற்றொன்று காத்திருக்க வேண்டியதில்லை.

விடைத்தாளைக் காட்ட முடியாது என்று தேர்வு வாரியங்கள் ஒரு காலத்தில் அடித்துச் சொல்லிக்கொண்டிருந்தன. 2008-ல் சி.பி.எஸ்.இ. பத்தாம் வகுப்புத் தேர்வு எழுதிய ஒரு மாணவர், தான் நன்றாக எழுதியும் மார்க் குறைந்துவிட்டது என்று விடைத்தாளைக் கேட்டார். வாரியம் மறுத்தது. கொல்கத்தா உயர் நீதிமன்றம் காட்டச் சொன்னது. வாரியம் விடாமல் உச்ச நீதிமன்றம் வரை போனது. 2011 ஆகஸ்ட் 9-ம் தேதி தீர்ப்பு வந்தது: திருத்தப்பட்ட விடைத்தாள் சட்டப்படி 'தகவல்'தான், எழுதியவருக்கு அதைப் பார்க்கவும் நகல் வாங்கவும் உரிமை உண்டு. திருத்தியவரின் பெயர், கையெழுத்து போன்றவற்றை மட்டும் மறைத்துத் தரலாம். ஒரு பள்ளி மாணவர் ஆரம்பித்துவைத்த வழக்கு, இன்று நாடு முழுக்கக் கல்லூரி மாணவர்களுக்கும் கை கொடுக்கிறது.

மத்தியப் பல்கலைக்கழகத்துக்கு விண்ணப்பக் கட்டணம் 10 ரூபாய். ஆன்லைனிலும் போடலாம், போஸ்டல் ஆர்டர் வைத்துத் தபாலிலும் அனுப்பலாம். வறுமைக் கோட்டுக்குக் கீழே இருப்பவர்களுக்கு அதுவும் வேண்டாம். நகல் பக்கத்துக்கு 2 ரூபாய். நேரில் பார்க்க முதல் ஒரு மணி நேரம் இலவசம். சில நிறுவனங்கள் விடைத்தாள் நகலுக்குத் தங்கள் சொந்த விதிப்படி நூற்றுக்கணக்கில் கட்டணம் வைத்திருக்கும். கம்பெனி செக்ரட்டரி நிறுவனம் இப்படி 500 ரூபாய் கேட்ட வழக்கில், உச்ச நீதிமன்றம் 2019 ஏப்ரலில் தெளிவாக்கியது: அந்த நிறுவன விதிப்படி கேட்டால் அந்தக் கட்டணம், தகவல் உரிமைச் சட்டப்படி கேட்டால் அந்தச் சட்டத்தின் கட்டணம். எந்த வழியில் போவது என்பது மாணவரின் விருப்பம்.

தாமதத்துக்கு எதிராக இந்த மனுவைப் பயன்படுத்துவதில் ஒரு சூட்சுமம் இருக்கிறது. 'ஏன் தாமதம் செய்தீர்கள்?' என்று எழுதினால், 'விளக்கம் கேட்பது தகவல் ஆகாது' என்று ஒற்றை வரியில் திருப்பிவிடுவார்கள். அதற்குப் பதிலாக ஆவணமாக இருக்கக்கூடியதைக் கேட்க வேண்டும். என் விண்ணப்பம் எந்தத் தேதியில் பதிவானது, விடைத்தாள் எந்தத் தேதியில் திருத்துவதற்கு அனுப்பப்பட்டது, எந்தத் தேதியில் திரும்பி வந்தது, மறுமதிப்பீட்டுக்கான காலக்கெடு பற்றிய விதியின் நகல், விடைத்தாள் பாதுகாப்புக் காலம் பற்றிய உத்தரவின் நகல். இப்படிக் கேட்டால் பதில் தேதிகளாகத்தான் வந்தாக வேண்டும். 'பேப்பர் திருத்தப் போயிருக்கு' என்று ஜன்னலில் சொன்னது உண்மையா, விடைத்தாள் இன்னும் பீரோவிலேயே கிடக்கிறதா என்பது அதில் தெரிந்துவிடும்.

30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் அதே நிறுவனத்தின் முதல் மேல்முறையீட்டு அதிகாரியிடம் போகலாம். அங்கும் சரிவரவில்லை என்றால் 90 நாளுக்குள் இரண்டாம் மேல்முறையீடு. புதுச்சேரிக்குத் தனி மாநிலத் தகவல் ஆணையம் கிடையாது. மத்தியப் பல்கலைக்கழகமானாலும் புதுச்சேரி அரசு நிறுவனமானாலும் டெல்லியில் உள்ள மத்தியத் தகவல் ஆணையம்தான். காரணமில்லாமல் தகவலைத் தாமதித்த அலுவலருக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய், அதிகபட்சம் 25,000 ரூபாய் வரை ஆணையம் அபராதம் விதிக்கலாம். ஆணையம் வரை போனால் காலம் நிறைய ஆகும் என்பது உண்மை. ஆனால் பல நேரங்களில் மனு போய்ச் சேர்ந்ததுமே கோப்பு நகர ஆரம்பித்துவிடுகிறது.

குறைதீர் குழுவும் ஆம்பட்ஸ்பர்சனும்

பல்கலைக்கழக மானியக் குழு 2023 ஏப்ரலில் மாணவர் குறைதீர்ப்பு ஒழுங்குமுறைகளை வெளியிட்டது. அரசு, தனியார், நிகர்நிலை என்று எல்லா உயர்கல்வி நிறுவனங்களுக்கும் அது பொருந்தும். கல்வி நாட்காட்டியில் சொன்ன காலத்தைத் தாண்டித் தேர்வு நடத்துவதும் ரிசல்ட்டைத் தாமதிப்பதும் அதில் 'குறை' என்றே எழுதப்பட்டிருக்கிறது. ஆசிரியர்களும் ஒரு மாணவப் பிரதிநிதியும் உள்ள குறைதீர் குழு, புகார் கிடைத்த 15 வேலை நாளில் அறிக்கை தர வேண்டும். அதில் திருப்தி இல்லையென்றால் 15 நாளுக்குள் ஆம்பட்ஸ்பர்சன் என்ற குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். அவர் 30 நாளில் முடிக்கப் பார்க்க வேண்டும்.

இங்கேயும் அதே கதவுதான். மறுமதிப்பீடு செய்து மார்க் போடச் சொல்லும் மனுவை, குறிப்பிட்ட முறைகேட்டையோ பாகுபாட்டையோ காட்டினால் ஒழியக் குறைதீர்ப்பாளர் எடுக்கக் கூடாது என்று ஒழுங்குமுறையே சொல்கிறது. 'மார்க் குறைவு' என்று எழுதியவரின் மனு திரும்பிவிடும். 'முடிவு வெளியிடத் தாமதம்' என்று எழுதியவரின் மனு உள்ளே போகும்.

எல்லாப் படிகளையும் கூட்டிப் பார்த்தால் இரண்டு மூன்று மாதம் ஆகிவிடும். அட்மிஷன் அவசரம் இல்லாதவர்களுக்கு இது செலவில்லாத நல்ல வழி. 20-ம் தேதி கழுத்தைப் பிடிக்கிறது என்றால் இதை மட்டும் நம்பி உட்கார்ந்திருக்க முடியாது.

சென்னைக்கு எப்போது கிளம்புவது?

கடிதத்தில் கொடுத்த கெடு முடிந்ததும் கிளம்பலாம். அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவின் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. நிகர்நிலைப் பல்கலைக்கழகம் தனியாருடையது, அதன் மீது ரிட் போட முடியாது என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். எஸ்.ஆர்.எம். பல்கலைக்கழகம் சம்பந்தப்பட்ட வழக்கில் 2015 டிசம்பரிலேயே உச்ச நீதிமன்றம் அந்தச் சந்தேகத்தைத் தீர்த்துவிட்டது. உயர்கல்வி தருவது பொதுக் கடமை. அதைச் செய்யும் நிகர்நிலைப் பல்கலைக்கழகமும் ரிட் அதிகாரத்துக்கு உட்பட்டதுதான்.

மனுவில் என்ன கேட்பது என்பதில் கவனம் வேண்டும். 'என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள்' என்று மட்டும் கேட்டால், நான்கு வாரத்தில் பரிசீலிக்கச் சொல்லி எளிதாக உத்தரவு கிடைத்துவிடும். ஆனால் பரிசீலித்துவிட்டு, 'பணி நடந்துகொண்டிருக்கிறது' என்று பதில் அனுப்பினாலும் உத்தரவை நிறைவேற்றியதாகவே கணக்கு! அதனால், 'இந்தத் தேதிக்குள் மறுமதிப்பீட்டு முடிவை வெளியிட வேண்டும்' என்றே கேட்க வேண்டும். கூடவே இடைக்கால நிவாரணமும் கேட்கலாம்: மறுமதிப்பீட்டு முடிவுக்குக் கட்டுப்பட்டுத் தற்காலிகமாகச் சேர்த்துக்கொள்ள வேண்டும், அல்லது எனக்காக ஓர் இடத்தை நிறுத்திவைக்க வேண்டும் என்று. இதற்கு அட்மிஷன் தரும் கல்லூரியையும் வழக்கில் எதிர்மனுதாரராகச் சேர்த்திருக்க வேண்டும். அதைச் சேர்க்காமல் போய், கேட்காத கல்லூரிக்கு எப்படி உத்தரவு போடுவது என்று நீதிபதி கேட்ட பிறகு ஓடுவதில் பலன் இல்லை. இடைக்கால உத்தரவு தருவதும் தராததும் நீதிமன்றத்தின் விருப்பம். மறுமதிப்பீட்டில் ஃபெயில் என்று வந்துவிட்டால் தற்காலிக அட்மிஷனும் போய்விடும். கட்டிய ஃபீஸ் கதியையும் முன்கூட்டியே யோசித்துக்கொள்ள வேண்டும்.

எவ்வளவு சீக்கிரம் போகிறோம் என்பதுதான் இதில் எல்லாவற்றையும்விட முக்கியம். ஆந்திராவில் தகுதி இருந்தும் மருத்துவ இடம் மறுக்கப்பட்ட ஒரு மாணவியின் வழக்கில், 2019 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் ஒரு நல்ல வழியைக் காட்டியது. மாணவர் மேல் தவறில்லை, அவர் காலதாமதம் இல்லாமல் நீதிமன்றத்துக்கு வந்திருக்கிறார் என்றால், இழப்பீட்டைக் கொடுத்து அனுப்பிவிடுவது மட்டும் நீதி ஆகாது. அரிதான நேரங்களில் இடத்தையே தர உத்தரவிடலாம் என்றது. மருத்துவ அட்மிஷன் சம்பந்தப்பட்ட தீர்ப்புதான் அது. ஆனாலும் அதில் 'உடனே வந்தாரா?' என்பது எவ்வளவு பெரிய கேள்வியாக இருந்தது என்பதை எல்லா மாணவர்களும் கவனிக்கலாம். அட்மிஷன் முடிந்து இரண்டு மாதம் கழித்துப் போகிறவருக்கு அனுதாபம் கிடைக்கலாம். இடம் கிடைப்பது கஷ்டம்.

நுகர்வோர் நீதிமன்றம்?

'பணம் கட்டினோம், சேவை கிடைக்கவில்லை, நுகர்வோர் கோர்ட்டில் இழப்பீடு கேட்கலாமே' என்று பக்கத்து வீட்டுக்காரர்கள் யோசனை சொல்வார்கள். நியாயமாகத்தான் படும். பீகாரில் ஒரு தந்தை அதைச் செய்து பார்த்தார். 1998-ம் ஆண்டுத் தேர்வில் அவருடைய மகனுக்குக் கொடுத்த பதிவெண்ணையே இன்னொரு மாணவருக்கும் கொடுத்துவிட்டார்கள். மகனின் ரிசல்ட் வரவில்லை. நுகர்வோர் மன்றங்கள் அவர் பக்கம் நின்றன. ஆனால் உச்ச நீதிமன்றம் 2009 செப்டம்பரில், தேர்வு நடத்துவது வியாபாரச் சேவை ஆகாது, தேர்வுக் கட்டணம் கட்டியவர் நுகர்வோர் ஆக மாட்டார் என்று சொல்லி அதை ரத்து செய்துவிட்டது. அந்தத் தந்தையின் ஆதங்கத்துக்கு அந்தத் தீர்ப்பில் பதில் இல்லை என்றுதான் தோன்றுகிறது. ஆனால் இன்றைய சட்டம் அது. அந்தப் பக்கம் போய் நாட்களை வீணாக்க வேண்டாம்.

தாமதம் எவ்வளவு பெரிய விஷயமாக முடியும் என்பதை மும்பை பார்த்திருக்கிறது. 2017-ல் மும்பைப் பல்கலைக்கழகம் திடீரென்று எல்லா விடைத்தாள்களையும் கணினித் திரையில் திருத்தப்போவதாக முடிவெடுத்தது. சுமார் 17 லட்சம் விடைத்தாள்கள். ஸ்கேன் செய்வதில் குளறுபடி, ஆசிரியர்களுக்குப் பயிற்சி இல்லை. வேந்தரான ஆளுநர் ஜூலை 31-ம் தேதி கெடு வைத்தார். அதுவும் தாண்டிப்போய் செப்டம்பர் வரை ரிசல்ட் சொட்டுச் சொட்டாக வந்தது. வெளிநாட்டில் இடம் கிடைத்த மாணவர்கள் கையில் சான்றிதழ் இல்லாமல் தவித்தார்கள். அந்த அக்டோபரில் துணைவேந்தர் பதவிநீக்கம் செய்யப்பட்டார்.

தாமதத்தால் தவிக்கும் குடும்பத்தைத் தேடி இன்னொரு ஆபத்தும் வரும். 'உள்ளே ஆள் இருக்கு, கொஞ்சம் செலவு பண்ணா சீக்கிரம் முடிச்சிடலாம்' என்று ஒருவர் வருவார். 2017-ல் அண்ணா பல்கலைக்கழகத்தில் 3 லட்சத்துக்கும் மேற்பட்டோர் மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்தார்கள். பணம் வாங்கிக்கொண்டு மார்க் போடப்பட்டதாக மறு ஆண்டு லஞ்ச ஒழிப்புத் துறை, முன்னாள் தேர்வுக் கட்டுப்பாட்டு அதிகாரி உள்ளிட்டோர் மீது வழக்குப் பதிவு செய்தது. அப்படி ஒரு விசாரணை வந்தால், நேர்மையாகப் பாஸ் ஆனவரின் விடைத்தாளையும் சேர்த்துத்தான் புரட்டுவார்கள்.

வக்கீல் செலவு?

சென்னையில் வழக்கு என்றதும் மளிகைக் கடை அப்பா தயங்குவார். சட்டப் பணிகள் ஆணையச் சட்டம், 1987-ன் 12-வது பிரிவில் இலவச சட்ட உதவி யாருக்கு என்று இருக்கிறது. பெண்கள், 18 வயதுக்கு உட்பட்டோர், பட்டியல் சாதி, பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்ப்பதில்லை. மற்றவர்களுக்குத்தான் வருமானச் சான்று. ஆக, லாஸ்பேட்டை மாணவிக்கு, பெண் என்ற ஒரே காரணத்தாலேயே அந்த உதவி உண்டு. புதுச்சேரி நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் ஆணையத்தில் விண்ணப்பம் கொடுத்தால், சென்னை உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவை அணுகும் வழியைச் சொல்வார்கள். தேசிய உதவி எண் 15100.

போகும்போது கையில் இருக்க வேண்டியவை: ஹால் டிக்கெட், மதிப்பெண் பட்டியல், மறுமதிப்பீட்டு ரசீது, காலக்கெடு இருக்கும் அறிவிப்பின் பிரதி, முதல் கடிதத்தின் சீல் வைத்த நகல் அல்லது ஸ்பீட் போஸ்ட் ரசீது, தகவல் உரிமை மனுவின் பதிவு எண், அட்மிஷன் கடைசித் தேதி அச்சாகியிருக்கும் விளம்பரம் அல்லது மின்னஞ்சல். அறிவிப்பு இணையதளத்தில் மட்டும் இருக்கிறது என்றால் இன்றைக்கே பிரின்ட் எடுத்து வைத்துக்கொள்ள வேண்டும். சில அறிவிப்புகள் அடுத்த வாரம் அதே இடத்தில் இருப்பதில்லை.